பொதோசி: வெள்ளிமலை ஈன்ற நகரம்



பெருநகரம் ஒன்று தோன்றுவதற்கு ஆற்றங்கரையோ கடற்றுறையோ வேண்டும் என்று பள்ளியிலே படித்திருக்கிறோம். நீர்வளமும் நிலவளமும் உள்ள இடத்திலே மக்கள் குடியேறுவர், வாணிகம் பெருகும், நகரம் வளரும். இந்த நியதிக்கு முற்றிலும் மாறாகத் தோன்றிய நகரம் ஒன்று தென் அமெரிக்காவிலே, பொலிவியா நாட்டிலே இருக்கின்றது. பொதோசி என்பது அதன் பெயர். கடல்மட்டத்துக்கு 13,000 அடிக்கு மேலே, மரஞ்செடிகள் அருகிய, குளிர்காற்று ஓயாது வீசும் மேட்டுநிலத்திலே அது அமைந்திருக்கின்றது. அங்கே நகரம் எழுந்ததற்குக் காரணம், அதன் தெற்கே கூம்புபோல் நிமிர்ந்து நிற்கும் செந்நிற மலையேயாகும்.

கெச்சுவா மொழி பேசும் மலைநாட்டு மக்கள் அதனைச் சூமாக் ஓர்க்கோ என்றழைத்தனர். அழகிய மலை என்பது அதன் பொருள். ஸ்பானியரோ அதற்குச் செர்ரோ ரிக்கோ, அதாவது செல்வமலை, என்று பெயரிட்டனர். இவ்விரு பெயர்களுக்கும் இடையிலுள்ள வேற்றுமையிலேயே அந்நகரத்தின் சரித்திரம் அடங்கியிருக்கின்றது எனலாம்.

1545ஆம் ஆண்டிலே அம்மலையில் வெள்ளி இருப்பது ஸ்பானியருக்குத் தெரியவந்தது. டியேகோ உவால்ப்பா என்னும் சுதேச மனிதரே அதனை முதலிற் கண்டவர் என்று மரபு கூறும். தொடக்கத்திலே வெள்ளியை உருக்கும் வித்தையும் சுதேசிகளின் கையிலேயே இருந்தது. வாய்ரா எனப்படும் சிறு உலைகளை மலைச்சரிவுகளில் வைத்து, மலைக்காற்றையே துருத்தியாகக் கொண்டு அவர்கள் வெள்ளியை உருக்கினர். வாய்ரா என்றாலே காற்று என்றுதான் பொருள். இரவு வேளைகளில் அவ்வுலைகள் மலையெங்கும் விளக்கேற்றியதுபோல் ஒளிர்ந்தன என அக்காலத்தவர் எழுதிவைத்துள்ளனர்.

மேற்பரப்பிலிருந்த வளமான கனியம் சில ஆண்டுகளிலே குறைந்துவிட்டது. அப்பொழுது பெருவின் இராசப்பிரதிநிதியாக இருந்த பிரான்சிஸ்கோ தெ தொலேதோ 1572ஆம் ஆண்டளவிலே பொதோசிக்கு வந்து மூன்று ஏற்பாடுகளைச் செய்தார். முதலாவது, உவான்காவெலிக்கா என்னும் இடத்துச் சுரங்கத்திலிருந்து பாதரசத்தைத் தருவித்து, தரங்குறைந்த கனியத்திலிருந்தும் வெள்ளியைப் பிரிக்கும் முறை. இரண்டாவது, மலைகளுக்கிடையே அணைகட்டிச் செயற்கைக் குளங்களை அமைத்து, அவற்றின் நீரினாலே கனியத்தை இடிக்கும் ஆலைகளை இயக்கியமை. மூன்றாவதுதான் மித்தா.

மித்தா என்னும் சொல்லுக்கு முறை என்பது பொருள். இன்கா அரசர் காலத்திலே குடிமக்கள் முறைவைத்துப் பொதுவேலை செய்யும் வழக்கம் இருந்தது. அப்பழைய பெயரையே வைத்துக்கொண்டு ஸ்பானியர் அதனைக் கட்டாய வேலையாக மாற்றினர். மலைநாட்டு மாகாணங்கள் பலவற்றிலிருந்து, வயதுவந்த ஆடவருள் ஏழில் ஒரு பங்கினர் ஆண்டுதோறும் பொதோசிக்குச் செல்லவேண்டும் என்பது கட்டளை. அவ்வாறு அழைக்கப்பட்டோர் தொகை ஆண்டொன்றுக்கு 13,000க்கு மேற்பட்டது. அவர்கள் மனைவி மக்களோடும் இலாமா மந்தைகளோடும் வாரக்கணக்காக நடந்து வந்தனர். கூலி கொடுக்கப்பட்டது, ஆனால் அது வயிற்றுக்குப் போதவில்லை. சுரங்கத்திலே கற்றூசி, ஆலையிலே பாதரச நஞ்சு. திரும்பிப் போகாதவர் பலர். திரும்ப மனமின்றி ஊர்ப்பதிவைத் துறந்து வேற்றிடங்களில் மறைந்தவரும் பலர். சற்றேறக்குறைய 240 ஆண்டுகள் நடைபெற்ற இம்முறை 1812ஆம் ஆண்டிலேதான் சட்டத்தினால் ஒழிக்கப்பட்டது.

இவ்வுழைப்பினாலே பொதோசி அடைந்த சீரைக் கேட்டால் வியப்பாயிருக்கும். 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலே அங்கு ஏறக்குறைய 150,000 மக்கள் வாழ்ந்தனர். ஐரோப்பாவின் பெரிய நகரங்கள் பலவற்றிற்கும் அத்துணைக் குடித்தொகை இல்லை. பொதோசி வெள்ளி செவில் துறைமுகத்தையும் மணிலா வழியாகச் சீன தேசத்தையும் சென்றடைந்தது. விலைமதிக்க முடியாத ஒன்றைக் குறிக்க, ‘ஒரு பொதோசி பெறும்’ என்று ஸ்பானிய மொழியிலே இன்றும் கூறுவர். ஆயினும் 1626ஆம் ஆண்டிலே அணையொன்று உடைந்து வெள்ளம் நகருட் புகுந்து, ஆலைகளையும் வீடுகளையும் வாரிக்கொண்டு சென்றது. பின்னர் வெள்ளியும் படிப்படியாகக் குறைந்தது, நகரமும் தேய்ந்தது.

இனி, அந்நகரைக் காணச் செல்வோர் எவற்றைக் காணலாம் என்பதைப் பார்ப்போம். சூக்ரே நகரிலிருந்து பேருந்திலே சுமார் மூன்று மணி நேரத்திற் பொதோசியை அடையலாம். உயரம் மிகுந்த இடமாகையால் முதல் நாள் மெல்ல நடப்பதே நன்று, மூச்சு முட்டும். அவ்வூரவர் அதற்குக் கொக்கா இலைத் தேநீர் கொடுப்பர்.

முதலிற் காணவேண்டியது, இப்பொழுது அரும்பொருட்சாலையாக விளங்கும் பழைய நாணயச்சாலை. 1759 முதல் 1773 வரை கட்டப்பட்ட அம்மாளிகை கோட்டைபோலத் தோன்றும். வெள்ளியைத் தகடாக்கிய பெரிய மர உருளை இயந்திரங்கள் அங்கே இன்றும் நிற்கின்றன. கீழ்த்தளத்திலே கோவேறு கழுதைகள் சுற்றிச்சுற்றி நடந்து அவற்றை இயக்கின. ஆபிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டோரும் பொதோசி நாணயத்தொழிலிலே உழைத்தனர்.

அங்கேயே பெயர் தெரியாத ஓவியர் ஒருவர் 18ஆம் நூற்றாண்டிலே தீட்டிய ஓவியம் ஒன்று உண்டு. தேவமாதாவின் அங்கியே அதிலே வெள்ளிமலையாகக் காட்சி தருகின்றது. முகமும் கைகளும் மலையிலிருந்து வெளிப்படுகின்றன. இருபுறமும் ஞாயிறும் திங்களும்; கீழே பாப்பரசரும் பேரரசரும். மலையைத் தாயாக வணங்கிய பழைய நம்பிக்கை புதிய சமயத்தினுள்ளே எவ்வாறு தங்கியது என்பதற்கு இதனினும் சிறந்த சான்று கிடைத்தல் அரிது.

அடுத்து, சான் லொரென்சோ தேவாலயத்தின் வாயில். பரோக் பாணியிலமைந்த அக்கற்சிற்பத்திலே ஞாயிறு, திங்கள், விண்மீன்களோடு, நரம்புக் கருவி மீட்டும் கடற்கன்னியரும் இடம்பெற்றுள்ளனர். கட்டளையிட்டவர் ஸ்பானியர், உளி பிடித்த கை சுதேசியின் கை. நகர ஓடையோரத்திலே இடிந்து கிடக்கும் ஆலைகளையும், மேலேயுள்ள குளங்களையும் பார்க்கத் தவறலாகாது. 1987இல் யுனெஸ்கோ தாபனம் பொதோசியை உலக மரபுரிமையாக ஏற்றுக்கொண்டபோது, தேவாலயங்களோடு இத்தொழிற்சின்னங்களையும் சேர்த்தே ஏற்றது.

கடைசியாக, மலை. அது பழங்காலச் சின்னமாகிவிடவில்லை. கூட்டுறவுச் சங்கங்களாக அமைந்த ஆயிரக்கணக்கான தொழிலாளர் இன்றும் அதனுள்ளே வெள்ளீயமும் நாகமும் எஞ்சிய வெள்ளியும் தேடி உழைக்கின்றனர். சுரங்கத்தினுள் எல் தீயோ என்னும் களிமண் உருவத்துக்குக் கொக்கா இலை படைத்த பின்னரே பலர் வேலை தொடங்குவர். நுரையீரலிலே கற்றூசி படியும் நோய் இன்றும் அவர்களை வாட்டுகின்றது. நூற்றாண்டுக் கணக்காகத் துளைக்கப்பட்ட மலையின் உச்சி 2011இலே உள்வாங்கிச் சரிந்தது. 2014இலே பொதோசி ஆபத்துக்குள்ளான மரபுரிமைகளின் பட்டியலிற் சேர்க்கப்பட்டது. உச்சியைக் காக்கவேண்டுமாயின் அங்கே தோண்டுதலை நிறுத்தவேண்டும். நிறுத்தினால் அக்குடும்பங்கள் எதைக்கொண்டு உண்ணும்? மாற்றுத் தொழில் காட்டாமல் மலையை மட்டும் காப்பாற்றிவிட முடியாது.

ஸ்பானிய அரசர் தமக்குரிய ஐந்திலொரு பங்கைத் தவறாது எடுத்துக்கொண்டார். அதிகாரிகள் வெள்ளியை நிறுத்துக் கணக்கெழுதினர். அக்கணக்கேடுகள் இன்றும் உள்ளன. மலையினுள்ளே மாண்டவரைக் கணக்கிட அத்தகைய ஏடு எழுதப்படவில்லை. ஆகவே பொதோசிக்குச் செல்லும் விருந்தினர், நாணயச்சாலைக் கண்ணாடிப் பேழையிலே ஒரு வெள்ளிக் காசைக் கண்டதும் வெளியே வந்து மலையையும் ஒருமுறை நிமிர்ந்து பார்ப்பாராக. அந்தக் காசு புறப்பட்ட இடம் அதுவே. அங்கே இன்று காலையிலும் மனிதர் இறங்கியிருக்கின்றனர்.