கடல் கடந்த கூட்டு விளையாட்டு



ஓர் அறையில் அருகருகே அமர்ந்திருப்போர் விளையாடுவதற்கென்றே செய்யப்பட்ட கருவி ஒன்று. அதே விளையாட்டைக் கடல் கடந்து வாழும் இருவர் கூடி ஆட இயலுமா? இயலும் என்பதே விடை. ஆயினும், அதற்கு வேண்டுவன யாவை, தடையாய் நிற்பது யாது என்பவற்றை அறியாதார் பலர். அவற்றையே இன்று எடுத்துரைக்க விழைகின்றேன்.

எமது பாடசாலை மாணவன் ஒருவனுக்கு உற்ற தோழன் ஒருவன் இருந்தான். மாலை வேளைகளில் இருவரும் வீட்டு விறாந்தையில் அமர்ந்து, கைத்தொலைபேசிகளில் வேட்டை விளையாட்டொன்றை ஆடுவர். தோழனின் குடும்பம் கனடாவிலுள்ள ரொறன்ரோ நகருக்குக் குடிபெயர்ந்தது. அன்றோடு விளையாட்டும் நின்றது. “அதே தொலைபேசி, அதே விளையாட்டு, ஏன் சேர் இணையவில்லை?” என்று அவன் என்னிடம் வந்து கேட்டான். கலைப் பட்டதாரியாகிய எனக்கு விடை தெரியவில்லை. இருவரும் சேர்ந்தே கற்றோம்.

சோனி நிறுவனம் 2004ஆம் ஆண்டு டிசெம்பரில் யப்பானில் பிளேஸ்டேஷன் போர்ட்டபிள் என்னும் கையடக்கக் கருவியை வெளியிட்டது. சுருக்கமாகப் பி.எஸ்.பி. என்பர். ‘அட் ஹொக்’ என்ற முறையில், அருகிலுள்ள பதினாறு கருவிகள் வரை கம்பியோ இணையமோ இன்றி நேரடியாக ஒன்றோடொன்று பேச வல்லன. ‘மொன்ஸ்டர் ஹன்டர்’ என்னும் வேட்டை விளையாட்டை நால்வர் கூடி ஆடுதற் பொருட்டு, யப்பானிய இளைஞர் உணவகங்களில் திரள்வது அந்நாளில் வழமையாயிற்று. அக்கருவியின் விநியோகம் 2014இல் நின்றுபோனது. ஆனால், அதற்கு முன்னரே, 2012இல், ஹென்ரிக் ரிட்கார்ட் என்பவர் பி.பி.எஸ்.எஸ்.பி.பி. என்ற மென்பொருளை வெளியிட்டிருந்தார். ஒரு கருவி செய்யும் தொழிலை வேறொரு கருவியிற் செய்துகாட்டும் இத்தகைய மென்பொருளை ‘எமுலேற்றர்’ என்பர். எனவே, பி.எஸ்.பி. விளையாட்டுகள் இன்று கணினியிலும் கைத்தொலைபேசியிலும் உயிர் வாழ்கின்றன.

இனி, இணைக்கும் முறையைக் காண்போம். அமைப்புகளில் ‘நெட்வொர்க்கிங்’ என்ற பகுதியைத் திறந்து, வலையமைப்பை முதலில் இயக்க வேண்டும். இருவரில் ஒருவர் மட்டும் மென்பொருளுடன் உள்ளிணைந்த ‘அட் ஹொக்’ சேவையகத்தை இயக்கிக்கொள்ளல் வேண்டும். மற்றவர், சேவையகத்தின் முகவரி கேட்கப்படும் இடத்தில் முதலாமவரின் முகவரியை எழுத வேண்டும். இருவரிடமும் மென்பொருளின் ஒரே பதிப்பும், விளையாட்டின் ஒரே வெளியீடும் இருத்தல் நன்று. ‘போர்ட் ஒஃப்செற்’ என்ற எண் இருபுறமும் ஒன்றாகவே இருத்தல் வேண்டும். ஆனால், ‘மக்’ முகவரி என்பது ஒவ்வொரு கருவிக்கும் வெவ்வேறாக இருத்தல் அவசியம். ஒருவர் தம் அமைப்புக் கோப்பை நண்பருக்கு அப்படியே பிரதிசெய்து கொடுத்தால், இரு கருவிகளும் ஒரே பெயருடைய இரு மாணாக்கர் போலாகிக் குழப்பம் விளையும்.

எம் மாணவன் இவற்றையெல்லாம் பிழையின்றிச் செய்திருந்தான். தவறு முகவரியில் இருந்தது. 192.168 என்று தொடங்கும் எண்ணைத் தன் தோழனுக்கு அனுப்பியிருந்தான். அது வீட்டுக்குள் மட்டும் செல்லுபடியாகும் எண். ஊரும் பாடசாலையும் குறிக்காது, ‘எட்டாம் வகுப்பு’ என்று மட்டும் உறையில் எழுதிய கடிதம் எங்ஙனம் வந்து சேரும்? மேலும், கைத்தொலைபேசி நிறுவனங்கள் பெரும்பாலும் பல வாடிக்கையாளருக்குச் சேர்த்து ஒரே வெளிமுகவரியையே பயன்படுத்துகின்றன. வெளியிலிருந்து வரும் அழைப்பு உரியவரை நாடிச் செல்ல வழியில்லை.

வீட்டு இணையம் உடையோர், இச்சேவையகத்துக்குரிய 27312 என்ற வாயிலைத் தம் ரவுட்டரில் திறந்துவிடலாம். ஆயின், சேவையகம் யார் யார் வந்துள்ளனர் என்பதை அறிமுகஞ் செய்வதோடு பொதுவாக நின்றுவிடும். ஆட்டத்தின் செய்திகள் இரு கருவிகளுக்கும் இடையே நேரே செல்ல வேண்டும். ஆகவே அதற்கும் வழி வேண்டும். திறந்த வாயில் அந்நியர்க்கும் திறந்ததே என்பதையும் மறத்தலாகாது. இருவரையும் ஒரே வீட்டார் போலாக்கும் தனிப்பட்ட மெய்நிகர் வலையமைப்பு ஒன்றில் சேர்வதே எமக்கு எளிதாயிற்று. அதில் கிடைத்த முகவரியை எழுதியவுடன் தோழனின் பெயர் திரையில் தோன்றியது.

ஆயினும் ஒரு தடை எஞ்சியது. அது தொலைவு. கொழும்புக்கும் ரொறன்ரோவுக்கும் இடையே நேர்த்தூரம் ஏறக்குறைய 14,000 கிலோமீற்றர். கண்ணாடி இழையில் ஒளி செக்கனுக்கு ஏறக்குறைய 2,00,000 கிலோமீற்றர் செல்கிறது. ஆகவே, செய்தி போய் மறுமொழி வருவதற்கு 140 மில்லிசெக்கனாவது கழியும். கம்பிகள் வளைந்து செல்வதால் உண்மையில் இன்னும் கூடும். இக்கருவியின் திரையோ செக்கனுக்கு அறுபது முறை புதுப்பிக்கப்படுவது. எட்டுப் படங்கள் கடந்த பின்னரே மறுமொழி வந்து சேருமெனின், ஒரே அறையை எண்ணிச் செய்த விளையாட்டு திகைத்து நிற்பதில் வியப்பில்லை. இதனை எந்த அமைப்பாலும் நீக்க இயலாது. நொடிக்கு நொடி குத்தும் உதையுமாய் அமைந்த சண்டை விளையாட்டுகளை விடுத்து, முறைவைத்து ஆடுவனவற்றையும், சிறு தாமதத்தைப் பொறுக்கும் வேட்டை விளையாட்டுகளையும் தெரிந்துகொள்வதே அறிவுடைமை.

பெற்றோர்க்கு ஒரு சொல். மென்பொருள் இலவசமாகக் கிடைப்பதால் விளையாட்டுகளும் இலவசம் எனப் பிள்ளைகள் கருதலாகாது. தம்முடைய வட்டுக்களிலிருந்து பிரதிசெய்தவற்றையே பயன்படுத்தப் பழக்குங்கள். அறிமுகமில்லாதார் கூடும் பொதுச் சேவையகங்களைத் தவிர்த்து, அறிந்த நண்பருடனேயே இணையச் செய்யுங்கள்.

இப்போது அவ்விருவரும் ஞாயிறு காலை எட்டு மணிக்குச் சந்திக்கின்றனர். அங்கே அது சனி இரவு பத்தரை மணி, குளிர்காலத்தில் ஒன்பதரை. சண்டை விளையாட்டைக் கைவிட்டனர், வேட்டையைத் தொடர்கின்றனர். ஒரு நாள் அவன் என்னிடம், “சேர், பாதி நேரம் நாங்கள் விளையாடுவதே இல்லை, கதைத்துக்கொண்டு இருக்கிறோம்” என்றான். இரண்டு மாலைப் பொழுது செலவிட்டது வீண்போகவில்லை என்று அப்போது உணர்ந்தேன்.