மலையிறங்கும் தேக்கு

காட்டுத் தேக்கை வெட்டி ஊருக்குக் கொண்டுவருவதில் எது பெரிய செலவு என்று கேட்டால், வெட்டுக்கூலி என்றுதான் பலரும் சொல்வார்கள். வெட்டுக்கூலி சின்னக் கணக்கு. பழகிய ஆள் இரண்டு பேர் ரம்பத்தோடு நின்றால் மரம் சாய்ந்துவிடும். சாய்ந்த மரத்தை மலையிலிருந்து கீழே இறக்குவதில்தான் பணம் கரையும். எனக்குத் தெரிந்த ஆனைமலையை வைத்தே சொல்கிறேன்.

பொள்ளாச்சிக்கு மேலே டாப்சிலிப்புக்கு உங்களில் பலர் போயிருப்பீர்கள். 19-ஆம் நூற்றாண்டில் அங்கே மலை விளிம்பிலிருந்து தேக்குத் தடிகளைச் சரிவில் வழுக்கிவிட்டார்கள். பம்பாயில் கப்பல் கட்டத் தேக்குக்கு அவ்வளவு கிராக்கி. பம்பாய்க் கப்பல்துறையில் 1817-இல் தேக்கால் கட்டிய ‘டிரிங்கோமலி’ என்ற போர்க்கப்பல் இங்கிலாந்தில் இன்னும் மிதக்கிறது, பார்த்துக்கொள்ளுங்கள். பிறகு ரயில் வந்தது. தண்டவாளத்துக்கு அடியில் போடச் சிலிப்பர் கட்டை கேட்டது. சரிவில் விட்டால் கூலி மிச்சம்தான். ஆனால் பாறையில் மோதி வெடித்த தடியை எவன் நல்ல விலைக்கு எடுப்பான்?

சரிவு வரைக்கும் தடியைக் கொண்டுவந்தது யார் என்கிறீர்கள்? யானைதான். நான் வனத்துறையில் சேர்ந்தபோது யானை இழுவை ஓய்ந்துகொண்டிருந்த காலம். ஆனாலும் கண்ணால் பார்த்துவிட்டேன்; அந்தப் பேச்சை எடுத்தால் எனக்கு நிறுத்த வராது. தடியின் ஒரு முனையில் துளை போட்டு வடம் கோர்ப்பார்கள். யானை வடத்தை வாயில் கடித்துக்கொண்டு, தலையைச் சாய்த்து நடக்கும். இறக்கத்தில் தடி தன் காலில் வந்து மோதாதபடி ஒதுங்கி நடக்கும். அதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. துளை போட்ட முனையைப் பின்னால் அறுத்துத் தள்ள வேண்டும். அந்த நஷ்டமும் இழுவைச் செலவில் சேர்த்திதான்.

யானை நாள் முழுக்க இழுக்காது. காலையில் வேலை, வெயில் ஏறினால் ஆற்றுக் குளியல், பிறகு மேய்ச்சல். எங்கள் கணக்கர் ஒருவர் நோட்டைப் புரட்டிவிட்டு, “யானை சும்மா நின்ற நாளுக்கெல்லாம் செலவு எழுதியிருக்கே?” என்று பாகனைக் கேட்டார். பாகன் மலசர் பழங்குடிக்காரர், வயசானவர். “ஐயா, அது தின்ன நாளுக்குத்தான் மறுநாள் இழுக்குது” என்றார். கணக்கர் நோட்டை மூடிவிட்டார்.

மலைக்கு அந்தப் பக்கம் கொச்சி சமஸ்தானம் வேறு வழி பார்த்தது. 1907-இல் பரம்பிக்குளம் காட்டிலிருந்து சாலக்குடி வரை ஏறக்குறைய 80 கிலோமீட்டருக்கு டிராம் பாதை போட்டார்கள். செங்குத்தான சரிவுகளில் எஞ்சின் கிடையாது. மேலே கப்பி, அதில் கம்பி வடம். ஒரு முனையில் தடி ஏற்றிய வண்டி இறங்கும். அந்தக் கனமே மறுமுனையில் காலி வண்டியை மேலே இழுத்துவிடும். எண்ணெய் வேண்டாம், கரி வேண்டாம். அந்தக் காலத்து ஆளுக்கு எவ்வளவு மூளை! ஆனால் அந்தப் பாதையைக் கட்டிக் காப்பதற்கே பணம் தண்ணீராய்ப் போனது. கடைசியில் அதையும் மூடத்தான் வேண்டியிருந்தது.

இதில் எழுதப்படாத செலவு ஒன்று உண்டு. இறக்க வழி கிடைத்தால் மரத்துக்கு ஓய்வு கிடையாது. ஆனைமலையில் தேக்கு அருகிக்கொண்டிருந்த நேரத்தில், 1915 வாக்கில், ஹியூகோ வுட் என்ற அதிகாரி வந்தார். கரும்பில் மறுதாம்பு விடுகிறோமே, அதுபோல வேரைத் தோண்டாமல் மரத்தைத் தரையொட்டி வெட்டி, கட்டையிலிருந்து தளிர்விடச் செய்தார். பையில் தேக்கு விதையோடு நடந்து, கைத்தடியால் குத்திக் குத்திப் போட்டுக்கொண்டே போவார் என்று அங்கே சொல்வார்கள். 1933-இல் இறந்தார். கல்லறை டாப்சிலிப் பக்கம் தேக்குகளுக்கு நடுவே இருக்கிறது. தரையொட்டி வெட்டுவதில் காசும் உண்டு. அடித்தடிதான் பருமன், குனியச் சோம்பல்பட்டு ஒரு முழம் விட்டு வெட்டினால், நல்ல மரத்தைக் காட்டிலேயே விட்டுவிட்டு வருகிறீர்கள்.

மணி பார்க்கச் சொல்கிறார்கள். அறுவை, உலர்த்தல் எல்லாம் இன்னொரு நாளைக்கு. வரப்பில் தேக்கு வைத்திருப்பவர்களுக்காக அளவையை மட்டும் சொல்லிவிடுகிறேன். வியாபாரி தடியின் சுற்றளவை நாலால் வகுப்பார், வந்ததை அதாலேயே பெருக்குவார், பிறகு நீளத்தால் பெருக்குவார். நாலடிச் சுற்று, பத்தடி நீளம் என்றால் பத்து கன அடி. உண்மையில் அந்தத் தடியில் பன்னிரண்டே முக்கால் கன அடிக்குக் கொஞ்சம்தான் குறையும். மிச்சம் அறுவையில் கழிவாகப் போகும் என்று விட்டுவிடுவது வழக்கம். வழக்கத்தோடு சண்டை போடாதீர்கள். ஆனால் இழுவைக் கூலி, ஏற்றுக்கூலி, லாரி வாடகை யார் தலையில் என்பதை மரத்தில் ரம்பம் படுவதற்கு முன்பே பேசி முடித்துவிடுங்கள். இந்த வருஷம் உங்கள் தேக்குக்கு நல்ல விலை கிடைக்கட்டும்.