மெக்சிகோவின் கைகளும் நம் மலைகளும்

நேயர்களே, இரண்டாம் உலகப் போரில் மெக்சிகோ நாடு என்ன செய்தது என்று எவரேனும் வினவினால், நம்மிற் பலர் விடையின்றித் தயங்குவோம். தன் எண்ணெய்க் கப்பல்கள் இரண்டை ஜெர்மானிய நீர்மூழ்கிகள் அழித்தபின், 1942 மே மாதத்தில் அந்நாடு போரில் இறங்கிற்று. 201ஆம் விமானப் படைப்பிரிவு என்னும் சிறு படையை, ஏறத்தாழ 300 பேரை, 1945இல் பிலிப்பைன்ஸ் களத்துக்கு அனுப்பிற்று. ஆயினும் அதன் பெருங்கொடை போர்க்களத்தில் அன்று, வயற்காட்டில் இருந்தது. அமெரிக்க இளைஞர் படைக்குச் சென்றுவிடவே, கலிபோர்னியா முதலிய இடங்களில் விளைச்சலை எடுக்க ஆளில்லை. 1942 ஆகஸ்டு உடன்படிக்கையின்படி மெக்சிகோ உழவர்கள் எல்லை கடந்து சென்றனர். 'பிராசெரோ' என்று அவர்களுக்குப் பெயர். ஸ்பானிய மொழியில் கையைக் குறிக்கும் சொல்லிலிருந்து பிறந்தது. மொழிபெயர்ப்பே தொழிலாகிய நாம் 'கையாள்' என்று எழுதினால் ஓரளவு பொருந்தும், முழுதும் பொருந்தாது.

அத்தகைய கையாட்கள் நம் மேற்கு மலைகளிலும் இருந்தனர். போடிமெட்டு ஏறி மூணாறு சென்ற தமிழரும், பாலக்காட்டெல்லையில் நெல்லியாம்பதித் தோட்டங்களில் உழைத்தோரும் துப்பாக்கி ஏந்தினாரல்லர். 1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் வீழ்ந்தது. மலேயா ரப்பரும் பர்மா அரிசியும் ஒருசேர நின்றன. நேசநாடுகளுக்கு எஞ்சிய ரப்பர் நிலங்களுள் இலங்கையும் திருவிதாங்கூரும் முக்கியமானவை. தேயிலையைப் பிரிட்டிஷ் அரசே மொத்தமாகக் கொள்முதல் செய்தது. முதிரப்புழை நீரால் பள்ளிவாசலில் 1940இல் பிறந்த மின்சாரம், 1943இல் ஆலுவா அருகே அலுமினியம் உருக்க உதவிற்று.

இத்தனையும் கொடுத்த நிலத்தில் உண்ணச் சோறு இல்லை. திருவிதாங்கூரும் கொச்சியும் பர்மா அரிசியைப் பெரிதும் நம்பியிருந்தன. அது நின்றதும் அளவரிசியும் மரவள்ளிக் கிழங்குமே கதியாயின. உயர்மலைக் காடுகள் உணவுப் பயிருக்காகத் திறந்துவிடப்பட்டன. அங்ஙனம் இழந்த காடு மீளவில்லை என்பது வேறு கதை.

மெக்சிகோ கையாட்களின் கூலியில் நூற்றுக்குப் பத்துச் சேமிப்பென்று பிடிக்கப்பட்டது. ஊர் திரும்பியோரிற் பலர் அப்பணத்தைக் காணவேயில்லை. வழக்காடி, 2005இல்தான் அந்நாட்டரசு ஈடு வழங்க நிதியம் அமைத்தது. அப்போதும், உழைத்ததற்குச் சான்றுக் காகிதம் கேட்டனர். அறுபதாண்டுக்கு முந்தைய ஒப்பந்தச் சீட்டை எத்தனை பேர் வைத்திருப்பர்?

தில்லியிலும் மும்பையிலும் வாழும் நேயர் வீட்டுத் தகரப்பெட்டியில், பாட்டனார் காலத்துச் செக்ரோல் துண்டோ பழைய ரேஷன் அட்டையோ கிடக்குமாயின், தயைகூர்ந்து அதனை எறிந்துவிட வேண்டா.