பனை சொன்ன மாதம்



பல வருடங்களுக்கு முன், ஒஸ்லோவில் ஒரு முதிய அம்மாவின் மறதிநோய்ப் பரிசோதனையில் மொழிபெயர்க்க நின்றேன். ஓகஸ்ட் மாதம். "இப்ப என்ன மாதம்?" என்று கேட்டார்கள். "பனம்பழம் விழுற காலமெல்லோ, பிள்ளை" என்றார் அம்மா. நான் வைத்தியரிடம், "தெரியாதாம்" என்று சொல்லிவிட்டேன்.

அவருக்குத் தெரிந்திருந்தது. யாழ்ப்பாணத்தில் ஆடி, ஆவணியில்தான் பனம்பழம் விழும். அதற்கு முன், கோடையில் நுங்கு. பழத்தைப் பிசைந்து பனாட்டுப் போட்டபின் கொட்டைகளைப் பாத்தியில் அடுக்குவார்கள். மாரி மழையில் கிழங்கு இறங்கும். மார்கழி, தையில் பாத்தி கிண்டுவார்கள். கிழங்கைப் பச்சையாகப் பிளந்து காயவிட்டால் ஒடியல். அவித்துக் காயவிட்டால் புழுக்கொடியல். சுவரில் கலண்டர் இல்லாத வீட்டிலும் இந்தக் கணக்குப் பிசகாது.

நோர்வேக்காரருக்கும் இப்படியொரு கணக்கு இருந்தது. அவர்களுடைய பழைய நாட்காட்டி, பிரிம்ஸ்தாவ் என்ற மரத்தடி. புனிதர்களின் திருநாட்களை அதில் குறிகளாகச் செதுக்கினார்கள். ஏப்ரல் 14 கோடைப் பக்கத்தின் முதல் நாள். குறி ஒரு மரம். எங்கள் சித்திரைப் புத்தாண்டும் அதை ஒட்டியே வருகிறது. ஒக்ரோபர் 14இல் தடியைத் திருப்பினால் குளிர்காலம். குறி ஒரு கையுறை.

அம்மாவின் பதிலை அப்படியே சொல்லியிருந்தால் வைத்தியர் விளங்கிக்கொண்டிருக்கக்கூடும். புள்ளி போடுவதும் விடுவதும் அவருடைய வேலை. சொல்வது மட்டும்தான் என்னுடையது. பெற்றோருக்காக மொழிபெயர்க்கப் போகும் பிள்ளைகளே, அவர்கள் பனை என்றால் பனை என்றே சொல்லுங்கள்.