யார் கையெழுத்து?

கருக்கலைப்புக்குக் கணவர் கையெழுத்து வேண்டும் என்று கடலூர், சிதம்பரம் பக்கம் பலரும் நம்புகிறார்கள். வேண்டியதில்லை. 1971-ஆம் ஆண்டுக் கருக்கலைப்புச் சட்டம், மருத்துவர் ஒப்புக்கொண்டால், 18 வயது நிறைந்த பெண்ணின் சம்மதத்தைத்தான் கேட்கிறது. மணமாகாதவர் என்று பாகுபாடு கூடாது என்று 2022-இல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது.

பிள்ளை இருவருக்கும்தானே, கணவரைக் கேட்க வேண்டாமா என்பீர்கள். நியாயமான கேள்வி. கலந்து பேசட்டும், நல்லதுதான். ஆனால் யோசனை கேட்பது வேறு, அனுமதி வாங்குவது வேறு. மசக்கையும் ரத்தசோகையும் பிரசவ ஆபத்தும் அவள் உடம்புக்குத்தானே? பரங்கிப்பேட்டைப் பெண்ணின் கணவர் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறார் என்று வையுங்கள். கையெழுத்துக்கு எங்கே போவாள்? காத்திருந்தால் வாரங்கள் ஓடிவிடும். சீட்டில்லாமல் மருந்துக்கடையில் மாத்திரை வாங்கி விழுங்கினால், ரத்தப்போக்கோடு அதே ஆஸ்பத்திரிக்குத்தான் வரவேண்டியிருக்கும். அவள் சம்மதம் போதும். கணவர் கையெழுத்து வேண்டியதில்லை.