மதுவும் மரமும் மையும்

ஒரு சொல்லின் வேரைத் தோண்டினால் அச்சொல் குறிக்கும் பொருளின் உண்மை வெளிப்படும் என்பது சொல்லாய்வில் தோய்ந்தோர் நம்பிக்கை. பல சொற்களுக்கு அது பொருந்தும். ஆனால் தோண்டத் தோண்ட மயக்கமே கிடைக்கின்ற சொல்லும் உண்டு. வேதித்தொழிலில் நாள்தோறும் புழங்கும் மெத்தனால் அத்தகையது. மெத்தில் ஆல்ககால் என்பது அதன் பழைய பெயர். அதற்கும் முன்னர் மரச்சாராயம் என்ற பொருளில் ஐரோப்பிய மொழிகள் பலவற்றிலும் அது வழங்கியது.

தண்ணீர் போன்ற தெளிவு, மெல்லிய மணம், 64.7 பாகை செல்சியசில் கொதிக்கும். குடிக்கப்படும் சாராயமாகிய எத்தனாலின் அருகே வைத்தால் கண்ணும் மூக்கும் வேறுபாடு காணமாட்டா. இந்த ஒப்புமைதான் பெயரிலும் புகுந்தது.

மரத்தைக் காற்றுப் புகாமல் சுட்டுக் கரியாக்கும்போது எழும் ஆவியைக் குளிர்வித்தால் காடியும் தாரும் கலந்த நீர்மம் கிடைக்கும். அதிலிருந்து இப்பொருளை முதலில் பிரித்துச் சொன்னவர் இராபர்ட் பாயில். ஆண்டு 1661, அவர் காய்ச்சியது பாக்ஸ் எனப்படும் புதர்மரம். ஏறத்தாழ 170 ஆண்டுகள் கழித்து, 1834இல், பிரெஞ்சு வேதியியலாளர் துய்மாவும் பெலிகோவும் இதன் இயைபை ஆய்ந்து, இதற்கு அடிப்படையான கூறு ஒன்றிற்கு ‘மெத்திலீன்’ என்று பெயர் சூட்டினர். கிரேக்க மொழியில் ‘மெது’ என்பது மது. ‘ஹூலே’ என்பது மரம். மரத்திலிருந்து வந்த மது என்பது அவர்கள் கருத்து.

ஹோமரின் காப்பியங்களில் பயிலும் அந்த ‘மெது’வும், வடமொழி வழியாகத் தமிழில் வந்து நிலைத்த ‘மது’வும் ஒரே மூலத்தின் இரு கிளைகள். ஆங்கிலத்தில் தேன்கள்ளைக் குறிக்கும் ‘மீட்’ மூன்றாவது கிளை. தேனையும் கள்ளையும் ஒருசேரச் சுட்டிய பழஞ்சொல் அது. அமெத்திஸ்ட் என ஐரோப்பியர் அழைக்கும் செவ்வந்திக்கல்லின் பெயரிலும் அது உண்டு: ‘அமெதுஸ்தோஸ்’ என்றால் மயங்காதது, அக்கல்லை அணிந்தவரைக் குடி மயக்காது என்று கிரேக்கர் நம்பினர். யவனர் கலங்களில் வந்த தேறலைப் பாண்டியன் நன்மாறன் பருகியதைப் புறநானூற்றின் 56ஆம் பாட்டில் நக்கீரர் பேசுகிறார். அரிக்கமேட்டு மண்ணில் கிடைத்த மதுச்சாடிகள் அவ்வணிகத்திற்குச் சான்று. ஆகவே கிரேக்கர் மது தமிழ்க்கரைக்குப் புதிதன்று. கிரேக்கச் சொல்லைத் தாங்கிய நஞ்சு வந்து சேர்ந்ததுதான் பிற்காலத்துச் செய்தி.

இனி மரம். ‘ஹூலே’ என்பதற்குக் காடு, விறகு என்பன முதற்பொருள். அரிஸ்டாட்டில் அச்சொல்லை எடுத்து, எல்லாப் பொருள்களுக்கும் கருவாக நிற்கும் மூலப்பொருள் என்ற மெய்யியற் பொருளில் ஆண்டார். 1832இல் லீபிக்கும் வோலரும் ‘பென்சாயில்’ என்னும் சொல்லில் அதைச் சேர்த்தபோது அந்த மெய்யியற் பொருளையே கருதினர். ஈராண்டு கழித்துத் துய்மா அதை வெறும் விறகாக்கினார்! தச்சனின் கைமரத்திற்குக் கிரேக்கத்தில் ‘க்சூலோன்’ என்ற தனிச்சொல் இருக்க, இவர்கள் காட்டைக் குறிக்கும் சொல்லை எடுத்தனர் என்று இலக்கணம் அறிந்தோர் குறை கூறுவதும் உண்டு. குறையை யார் கேட்டார்? எத்தில், பியூட்டில், புரோப்பில் என்று ‘இல்’ ஈறு பெருகியது. இன்று அந்த ஈற்றை உச்சரிக்கும் மாணவர் எவருக்கும் காடு நினைவிற்கு வருவதில்லை.

மூன்றாவது, ஆல்ககால். இதுவே மூன்றிலும் விந்தையானது. அரபு மொழியில் ‘அல்-குஹ்ல்’ என்பது கண்ணுக்குத் தீட்டும் மை. தமிழ் மருத்துவர் அஞ்சனக்கல் என்று சொல்லும் கனிமத்தை மாவினும் நுண்ணியதாக அரைத்துச் செய்த பொடி அது. பொடியின் நுண்மை காரணமாக, எப்பொருளிலிருந்தும் வடித்தெடுத்த நுண்சாரத்திற்கு அப்பெயர் ஏறியது. பதினாறாம் நூற்றாண்டில் பாராசெல்சஸ் மதுவின் சாரத்தை மதுவின் ஆல்ககால் என்றார். பின்னர் மது என்ற அடை உதிர்ந்து ஆல்ககால் மட்டும் நின்றது. கண்ணுக்கு அழகு சேர்க்கும் அஞ்சனத்தின் பெயர், கண்ணைப் பறிக்கும் பொருளின் மேல் வந்து படிந்த வழி இதுதான்.

1892இல் ஜெனீவாவில் கூடிய வேதியியற் பெயரீட்டு மாநாட்டின் நெறிப்படி மெத்தில் ஆல்ககால் ‘மெத்தனால்’ ஆயிற்று. சுருங்கிய அப்பெயரில் மரம் உதிர்ந்துவிட்டது. மதுவின் முதற்பாதியும் மையின் கடைசி ஒலியும் எஞ்சின. தொழிலும் அவ்வாறே மரத்தைக் கைவிட்டது. 1923இல் செருமனியின் லொய்னா ஆலையில், கார்பன் மோனாக்சைடையும் ஹைட்ரஜனையும் பேரழுத்தத்தில் கூட்டி, மரமே இல்லாமல் மெத்தனாலைப் பெருமளவில் செய்யத் தொடங்கினர். தென்னாட்டில் அதே காலத்தில்தான் பத்ராவதியில் மரம் வடிக்கும் ஆலை எழுந்தது. இரும்பு உருக்கக் கரி வேண்டும். கரி சுடும்போது ஆவி வீணாகக் கூடாது என்று கருதி, 1918இல் மைசூர் அரசு நிறுவிய அந்த இரும்பாலையின் பெயரிலேயே மரவடிப்பும் சேர்ந்திருந்தது. பழைய முறை இங்கே தொடங்கும்போது அங்கே முடிந்துகொண்டிருந்தது. இன்று உலகில் ஆண்டுக்குப் பத்துக் கோடி டன்னுக்கு மேல் ஆகும் மெத்தனாலில் மிகப் பெரும்பகுதி இயற்கை எரிவாயுவிலிருந்தும், சீனத்தில் நிலக்கரியிலிருந்தும் வருகிறது.

இதன் பயன்களை எல்லாம் சொல்லப் புகுந்தால் அவை கலைந்துவிடும். ஒன்றிரண்டு போதும். மெத்தனாலிலிருந்து ஃபார்மால்டிஹைடும், அதிலிருந்து பிசினும் செய்து, மெல்லிய மரத்தகடுகளை ஒட்டிப் பலகையாக்குகிறார்கள். கடைகளில் பிளைவுட் என்று வாங்கும் பலகையை மரத்தோடு மரமாகப் பிடித்துவைத்திருப்பது பெரும்பாலும் அதுவே. மரத்தை விட்டு நீங்கிய பெயர் மரத்திற்கே திரும்பிய இடம் என்று கவிஞர் யாரேனும் இதைப் பாடலாம். ரப்பர்ப் பாலை உறையவைக்கக் குமரி மாவட்டத் தோட்டங்களில் ஊற்றும் ஃபார்மிக் அமிலமும் தொழிலகங்களில் மெத்தனாலிலிருந்தே ஆக்கப்படுகிறது.

எரிபொருளாகவும் அது பயன்பட்டது. அமெரிக்காவின் இண்டியானாபொலிஸ் 500 கார்ப் பந்தயத்தில் 1964இல் பெட்ரோல் தீயில் ஓட்டுநர் இருவர் மாண்டனர். மறு ஆண்டிலிருந்து ஏறத்தாழ நாற்பதாண்டுக் காலம் அங்கே மெத்தனாலே எரிந்தது. நீர் ஊற்றினால் அணையும் என்பது அதன் சிறப்பு. ஆனால் பகல் ஒளியில் அதன் சுடர் கண்ணுக்குத் தெரியாது. 1981இல் எரிபொருள் நிரப்புமிடத்தில் ரிக் மியர்ஸ் என்னும் ஓட்டுநரின் மேல் தீப்பற்றியபோது, அவர் எதனால் துடிக்கிறார் என்பது சுற்றி நின்றோர்க்குச் சில நொடிகள் விளங்கவில்லை.

இச்சொற்குடும்பத்தில் தமிழ்நாட்டுத் தெருமுனை வரை வந்த சொல் ஒன்று உண்டு. சதுப்புநில வாயுவிற்கு, மெத்தில் என்பதை ஒட்டி, 1866இல் ஹாஃப்மன் இட்ட பெயர் மீத்தேன். 2010களில் காவிரிப் படுகையில் நிலக்கரிப் படிவ மீத்தேன் எடுக்கும் திட்டத்தை எதிர்த்து உழவர் எழுந்தபோது, வேதியியல் படியாத மூதாட்டியரும் அச்சொல்லைப் பிழையின்றி ஒலித்தனர். தம் நிலத்தைத் தொடுகிற சொல்லை மக்கள் தாமே கற்றுக்கொள்கிறார்கள். குடலைத் தொடுகிற சொல்லுக்கு அந்த வாய்ப்பு அமையவில்லை.

மெத்தனால் உடலில் செய்வது இது. எத்தனாலைச் சிதைக்கும் கல்லீரல் நொதியே இதையும் சிதைக்கிறது. எத்தனால் இறுதியில் காடியின் அமிலமாகிறது. மெத்தனாலோ முதலில் ஃபார்மால்டிஹைடாகி, அடுத்து ஃபார்மிக் அமிலமாகிறது. எறும்பைக் காய்ச்சி முதலில் எடுத்ததால், எறும்பின் இலத்தீன் பெயரைப் பெற்ற அமிலம் அது. அது உயிரணுக்கள் உயிர்வளியைப் பயன்படுத்தும் இடத்தை அடைக்கிறது; பார்வை நரம்பு முதலில் மாள்கிறது. கொடுமை என்னவெனில், குடித்தவுடன் இவை ஒன்றும் தெரிவதில்லை. சற்றே மயக்கம், பின்னர் அரை நாள், சிலர்க்கு ஒரு நாள் வரை அமைதி. அதன் பிறகுதான் வயிற்று வலியும், மூச்சிரைப்பும், வெண்பனி பெய்தாற்போன்ற பார்வையும். பத்து மில்லிலிட்டர் கண்ணைப் பறிக்கலாம், முப்பது, உயிரை. மருத்துவமனையில் அந்த நொதியை வேறு வேலையில் ஈடுபடுத்துவதற்காக எத்தனாலையே மருந்தாக ஏற்றுவதுண்டு. ஒப்புமையால் ஏமாற்றிய ஒன்றை அதன் ஒப்புமையைக் கொண்டே தடுப்பது.

பெயர் இக்கொலைக்குத் துணை நின்ற வரலாறு நீண்டது. 1855இல் பிரித்தானிய அரசு, தொழிலுக்கான சாராயத்திற்கு வரிவிலக்கு அளிக்கும்பொருட்டு, அதில் மரச்சாராயத்தைக் கலந்து குடிக்க இயலாததாக்கியது. மெத்திலேற்றிய ஸ்பிரிட் என்பது அதன் பெயர். மதுவைக் கெடுக்கச் சேர்த்த பொருளின் பெயரிலேயே மது இருந்தது! பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் அமெரிக்காவில் மரச்சாராயத்தின் நாற்றத்தை நீக்கி, கொலம்பியன் ஸ்பிரிட் என்னும் அழகிய பெயரில் விற்றனர். நாற்றம் இருந்தவரை அதுவே காவலாக இருந்தது. நாற்றம் போய் நற்பெயர் வந்தபின் குருடானோரும் மாண்டோரும் பெருகினர். புல்லர், வுட் என்னும் இரு கண் மருத்துவர்கள் அந்நிகழ்வுகளைத் திரட்டி 1904இல் வெளியிட்டனர். மதுவிலக்குக் காலமாகிய 1920 முதல் 1933 வரை அந்நாட்டு அரசே தொழிற்சாராயத்தில் மெத்தனாலைக் கலக்க ஆணையிட்டிருந்தது. அக்கலவையின் நஞ்சைக் கூட்டியதை 1926ஆம் ஆண்டின் முடிவில் நியூயார்க் நகரப் பிணக்கூறாய்வுத் தலைவர் சார்லஸ் நோரிஸ் வெளிப்படையாகக் கண்டித்தார். மரச்சாராயம் என்ற பெயரை ஒழித்து, மெத்தனால் என்ற பெயரையே வழங்க வேண்டும் என்ற குரல் அந்நாட்டில் வலுத்ததும் 1920களில்தான். ஆல்ககால் என்ற சொல் காதில் விழுந்தாலே குடிக்கத் தக்கது என்று மக்கள் எண்ணிவிடுகிறார்கள் என்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணம்.

தமிழ்நாட்டில் இதனை ஆளும் சட்டவிதி 1959ஆம் ஆண்டினது. இயல்பு மாற்றிய சாராயம், மெத்தில் ஆல்ககால், வார்னிஷ் எனும் பிரெஞ்சு பாலிஷ் ஆகிய மூன்றும் அதன் தலைப்பிலேயே வரிசையாக நிற்கின்றன. மரச்சாமானுக்கு மெருகேற்றும் வார்னிஷ் மதுவிலக்குச் சட்டத்தின் கீழ் வந்த காரணத்தைத் தமிழ்நாட்டில் எவர்க்கும் விளக்க வேண்டியதில்லை.

2023 மே மாதத்தில் மரக்காணத்தை அடுத்த எக்கியார்குப்பத்திலும் செங்கல்பட்டு மாவட்டத்திலும் இருபதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். ஆய்வுக்குப் பின்னர், அவர்கள் குடித்தது காய்ச்சிய சாராயம் அன்று, ஆலைகளில் பயன்படும் மெத்தனால் என்று காவல்துறை அறிவித்தது. ஓராண்டு கழித்து, 2024 சூன் மாதத்தில், கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் அறுபதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அங்கும் கலந்திருந்தது மெத்தனால். இரு முறையும் நாளிதழ்த் தலைப்புகளில் நின்ற சொல் கள்ளச்சாராயம். சற்றுக் கடுமையாக எழுதியோர் விஷச்சாராயம் என்றனர். வெல்ல ஊறலைக் காய்ச்சி வடிக்கும் சாராயத்தில் ஊரையே சாய்க்கும் அளவுக்கு மெத்தனால் தானாக உண்டாவதில்லை. அது பீப்பாயில் ஆலையிலிருந்து வெளியேறி வரவேண்டும். கள்ளச்சாராயம் என்ற சொல் விசாரிக்கும் கண்ணைக் கல்வராயன் மலையின் ஊறற்பானைகளை நோக்கித் திருப்புகிறது. பீப்பாய் எந்தக் கிடங்கின் பின்வாயிலில் ஏறியது என்ற கேள்வி அதில் எழுவதில்லை.

அவையீர்! கலைச்சொல்லாக்கத்தில் ஈடுபாடுடைய புலவர்கள் தமிழில் பலர். ஆல்ககாலுக்கு வெறியம் என்ற ஆக்கம் உண்டு. ஈழத்தில் மதுசாரம் என்பது நன்கு வேரூன்றியுள்ளது. எரிசாராயம் என்பது செய்தித்தாள்களில் வழங்குகிறது. இவ்வழியே சென்று மெத்தனாலையும் மொழிபெயர்த்தால் மரச்சாராயம், மரமதுசாரம் என்றே முடியும். மூலத்திற்கு முற்றும் உண்மையான மொழிபெயர்ப்புகள். ஆகவே மூலத்தின் பொய்யையும் முழுதாகச் சுமப்பவை. பிறமொழிச் சொல்லைத் தமிழாக்குவது பெரும்பாலும் நற்பணி. இந்த ஒரு சொல் மட்டும் தமிழ்க்காதுக்குப் பொருள் விளங்காத அயற்சொல்லாகவே இருந்துவிடுதல் நன்று. கிரேக்கனுக்குக் கேட்கும் மது அதில் தமிழனுக்குக் கேட்பதில்லை. கட்டாயம் தமிழ்ப்பெயர் வேண்டுமெனில் சாராயம், மது, தேறல், நறவு என்ற எதுவும் தீண்டாத பெயரைத் தேட வேண்டும். கண்கெடுநீர் என்பது போல. ஓசை இனிமையில்லை என்று கவிஞர் முகம் சுளிக்கக்கூடும். இனிமை இல்லாமைதான் அதன் தகுதி.

ஆலையிலிருந்து முறைப்படி வெளிவரும் மெத்தனால் பீப்பாயின் மேல் தீச்சுடரும் மண்டையோடும் அச்சிட்ட சீட்டு ஒட்டப்பட்டிருக்கும். கருணாபுரத்தில் விற்ற பாக்கெட்டுகளின் மேல் எச்சீட்டும் இல்லை. வாங்கியவர்களுக்கு அது சாராயம்.