இருபத்தொரு வயது எந்த நாளில்?



இந்தக் கருத்தரங்கின் தலைமை நாற்காலிக்கு என்னைவிடத் தகுதியானவர்கள் முன்வரிசையிலேயே இருக்கிறார்கள். அழைப்பு வந்ததிலிருந்து அந்த எண்ணம் நெஞ்சை அழுத்திக்கொண்டேதான் இருக்கிறது. ஆனாலும் சென்னை, மதுரை என்று போகாமல் குமாரலிங்கபுரத்தில் கூட்டியிருக்கிறீர்கள். இந்த வானம் பார்த்த பூமியின் பையன்களைப் பற்றிப் பேச இதைவிடப் பொருத்தமான இடம் எனக்குத் தெரியவில்லை. அதனாலேயே ஒப்புக்கொண்டேன்.

தலைப்பு, புதிய குற்றவியல் சட்டங்களில் இளங்குற்றவாளிகளின் தண்டனை. 2024 ஜூலை 1 முதல் சமூக சேவையும் ஒரு தண்டனையாகியிருக்கிறது, நல்லது. பழைய நடைமுறைச் சட்டத்தின் 360, 361 ஆகிய பிரிவுகள் 401, 402 என்று எண் மாறி வந்திருக்கின்றன. மற்றதை அமர்வுகளில் விரிவாகப் பேசுவீர்கள். என் மனம் 1958-ஆம் ஆண்டு நன்னடத்தைச் சட்டத்தின் 6-ஆம் பிரிவை விட்டு நகர மறுக்கிறது.

அதற்கு முன் ஒரு பழைய மனக்குறையையும் சொல்லிவிடுகிறேன். நம் பாடநூல்கள் நன்னடத்தை முறையின் வரலாற்றை 1841-இல் பாஸ்டன் நகரத்து ஜான் அகஸ்டஸிடம் தொடங்கி, ஒரே தாவலில் 1958-க்கு வந்துவிடுகின்றன. நடுவில் சென்னை மாகாணம் என்று ஒன்று இருந்தது. 1919-20-இல் இந்தியச் சிறைகளை ஆராய்ந்த குழுவின் தலைவர் அலெக்சாண்டர் கார்டியூ நம் மாகாண நிர்வாகத்தைச் சேர்ந்தவர். நாட்டிலேயே முதல் குழந்தைகள் சட்டம் 1920-இல் சென்னையில் பிறந்தது. பார்ஸ்டல் பள்ளிச் சட்டம் 1925-இலும், மாகாணத்தின் சொந்த நன்னடத்தைச் சட்டம் 1936-இலும் வந்தன. இதை நான் பல மேடைகளில் சொல்லிவிட்டேன். நூலாசிரிய நண்பர்கள் அடுத்த பதிப்பிலாவது இடம் தரவேண்டும்.

இனி 6-ஆம் பிரிவு. இருபத்தொரு வயது நிரம்பாதவர், ஆயுள் தண்டனைக்கு உட்படாத குற்றம் செய்தால், அவரைச் சிறைக்கு அனுப்பக்கூடாது என்பதுதான் விதி. அனுப்பியே தீரவேண்டும் என்றால் நீதிமன்றம் காரணத்தை எழுதவேண்டும். அதற்கு முன் நன்னடத்தை அலுவலரின் அறிக்கையையும் கேட்டு வாங்கவேண்டும். இதைக் கருணை என்று எழுதுகிறவர்களோடு நான் உடன்படவில்லை. நீதிபதிக்கு இடப்பட்ட கட்டளை இது.

ஆனால் அந்த இருபத்தொன்றை எந்த நாளில் எண்ணுவது? 1962-இல் ராம்ஜி மிஸ்ஸர் வழக்கில் உச்ச நீதிமன்றம் விடை சொன்னது: குற்றம் நடந்த நாள் கணக்கில்லை, விசாரணை நீதிமன்றம் தண்டனையை முடிவு செய்யும் நாளே கணக்கு. முதிர்ந்த குற்றவாளிகளோடு இளைஞனைச் சிறையில் சேர்க்காமல் காப்பதே சட்டத்தின் நோக்கம். ஆகவே சிறைக்கதவு திறக்கும் நாளில் அவன் வயதென்ன என்று பார்த்தார்கள். தர்க்கம் பிசகில்லாததுதான். ஆனால் வழக்கு சீக்கிரம் முடிந்தால் மட்டுமே அந்தத் தர்க்கம் நியாயமாகவும் இருக்கும்.

இந்தப் பகுதியின் சாதாரண வழக்கு ஒன்றை எடுத்துக்கொள்வோம். கோயில் கொடையில் தகராறு. திட்டினான், அடித்தான், கொன்றுவிடுவேன் என்று மிரட்டினான்; பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 294(பி), 324, 506(2). பையனுக்கு வயது பத்தொன்பது. குற்றப்பத்திரிகை வருவதற்குள் திருப்பூருக்குப் பனியன் கம்பெனி வேலைக்குப் போய்விடுகிறான். ஒரு வாய்தா தவறினால் பிடிவாரண்டு. பிறகு அதை ரத்து செய்ய மனு. சாட்சி வரமாட்டார், நீதிபதி மாறுவார். தீர்ப்பு நாளில் அவனுக்கு இருபத்துநான்கு. 6-ஆம் பிரிவு அவனைக் கைவிட்டுவிடுகிறது. அறிக்கை கேட்கும் கட்டாயம் இல்லை. தண்டனை பற்றிக் கேட்கப்பட்டது, குறைந்த தண்டனை வேண்டினார், மெய்க்காவல் இவ்வளவு, அபராதம் இவ்வளவு, கட்டத் தவறினால் மேலும் இவ்வளவு என்று தீர்ப்பின் கடைசிப் பத்தி முடிந்துவிடும். அவன் வீடு எப்படி, தொழில் என்ன, யார் பொறுப்பேற்பார் என்று ஒருவரும் போய்ப் பார்த்திருக்க மாட்டார்கள்.

இந்த வாதத்தை முன்பொரு கருத்தரங்கில் வைத்தபோது மதிப்பிற்குரிய பேராசிரியர் ஒருவர், 4-ஆம் பிரிவு எல்லா வயதினருக்கும் திறந்திருக்கிறதே, நஷ்டம் என்ன என்று கேட்டார். நஷ்டம் பெரிது, ஐயா. 4-இல் நீதிபதி விரும்பினால் விடுவிக்கலாம். 6-இல் விடுவிக்காததற்கு அவர் பதில் சொல்லவேண்டும்.

இன்னொரு நண்பர், தாமதத்துக்கு எதிரிதானே காரணம் என்றார். சில வழக்குகளில் உண்மைதான். ஆனால் பதினெட்டு நிரம்பாத பிள்ளை விஷயத்தில் நாம் அப்படிக் கேட்பதில்லையே! அங்கும் இதே குழப்பம் இருந்தது. 2000-இல் அர்னித் தாஸ் வழக்கு, நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்ட நாளைக் கணக்கில் எடுத்தது. 2005-இல் பிரதாப் சிங் வழக்கில் அரசியல் சாசன அமர்வு அதை மாற்றி, குற்றம் நடந்த நாளே அளவுகோல் என்றது. 2015-ஆம் ஆண்டு இளைஞர் நீதிச் சட்டத்தின் வரையறையும் அதுதான். கொடுங்குற்றங்களை விட்டுவிடுவோம். அதே கொடையில், அதே அடிதடியில், பதினேழு வயது பதினொரு மாதம் ஆனவனுடைய பாதுகாப்பை எத்தனை வாய்தாவும் கரைக்காது. பதினெட்டு வயது ஒரு மாதம் ஆனவனுக்கு ஒவ்வொரு வாய்தாவும் கரைக்கிறது. இந்த இருவருக்கும் இடையில் இவ்வளவு பெரிய வேறுபாட்டுக்கு நியாயம் சொன்னவர் எவரையும் நான் இதுவரை படிக்கவில்லை.

அபராதம் கட்டிவிட்டுப் போவதில் என்ன கஷ்டம் என்று கேட்கலாம். காவலர் தேர்வுக்கும் ராணுவத்துக்கும் விடியற்காலையில் ஓடிப் பழகும் பையன்கள் இந்த ஊர்ச் சாலைகளில் உண்டு. அபராதமும் தண்டனைதான்; ஆவணத்தில் நிற்கும். நன்னடத்தையில் விடுவிக்கப்பட்டவனுக்கோ 12-ஆம் பிரிவு, தீர்ப்பினால் வரும் தகுதியிழப்பை நீக்குகிறது. வேலை கொடுப்பவர் நடத்தையை ஆராய்வதை அது தடுக்காது. இருந்தும், அவன் கையில் சட்டம் எழுதிக் கொடுத்த ஒரு பிடிமானம் அது ஒன்றுதான்.

6-ஆம் பிரிவில் ‘குற்றம் நடந்த நாளில்’ என்ற சொற்களை நாடாளுமன்றம் சேர்க்கவேண்டும் என்று இந்த அவை தீர்மானம் போடவேண்டும். அதுவரை காத்திருக்கவும் வேண்டியதில்லை. நன்னடத்தைச் சட்டப்படி நடத்தியிருக்கக்கூடிய ஒருவரை அப்படி நடத்தாமல் தண்டித்தால் சிறப்புக் காரணம் எழுதவேண்டும் என்று புதிய 402-ஆம் பிரிவு சொல்கிறது. இருபத்துநான்கு வயதானவனுக்கும் அது பொருந்தும். வழக்கறிஞர் நண்பர்களே, காரணம் எழுதாத தீர்ப்பு ஒவ்வொன்றையும் அந்த ஒரு காரணத்துக்காகவே மேல்முறையீட்டுக்குக் கொண்டுபோங்கள்.